சேலத்தில் கேட்ட கிருஷ்ணகிரி

திண்டுக்கல் மைதானத்தில் முப்பதாயிரம் பேருக்கு முன்னால் சாருமதி இரண்டு கைகளையும் தூக்கி "வணக்கம் திண்டுக்கல்!" என்று கத்தியபோது, மேடைக்கு இரண்டு பக்கமும் பனைமர உயரத்துக்குத் தொங்கிக்கொண்டிருந்த ஸ்பீக்கர் பெட்டிகளிலிருந்து "வணக்கம் கரூர்!" என்று வந்தது, கூட்டம் சிரித்து, பிறகு பாவம் ஊர் ஊராகச் சுற்றுகிற பெண் என்று மன்னித்து, கூடச் சேர்ந்து கத்திவிட்டது.

"இடிதாங்கி" என்கிற அந்த ராக் குழுவின் பதினொரு ஊர்ப் பயணத்தில் திண்டுக்கல் ஆறாவது ஊர். மேடையில் ஐந்து பேர், மேடைக்குப் பின்னால் முப்பத்தெட்டுப் பேர், ஒரு பஸ், ஆறு லாரி, அந்த ஆறில் கடைசி லாரியில் ஜெனரேட்டரும் நானும். காலையில் ஓர் ஊரில் இறங்கி, மதியத்துக்குள் இரும்பைக் கோத்து மேடையாக்கி, சாயங்காலம் வாசித்து, முடிந்தால் பிரித்து அடைத்து, விடிந்தால் அடுத்த ஊருக்குக் கிளம்புகிற பிழைப்பில் நாலாம் நாளே கிழமை மறந்துபோகும், ஐந்தாம் நாள் ஊர் மறந்துபோகும். அதனால்தான் மேனேஜர் நவநீதன் தினமும் பாட்டுக்காரி நிற்கிற இடத்தில், மைக்குக்குக் கீழே, தரையில் ஊர்ப்பெயரைக் கொட்டை எழுத்தில் எழுதி டேப் போட்டு ஒட்டிவைப்பார்.

"ஏனுங்க சாரு, கால் பக்கத்துல அத்தனை பெருசா எழுதி ஒட்டியிருக்கறன், அதைப் பாத்துப் படிக்கறதுக்கு என்னங்க கேடு?" என்றார் நவநீதன், மேடையைவிட்டு அவள் இறங்கியதும்.

"படிச்சேன் சார். திண்டுக்கல்னுதான் சொன்னேன்."

"முப்பதாயிரம் பேர் கேட்டாங்களே?"

"முப்பதாயிரம் பேருக்கும் காது சரியில்ல."

"அவ சொன்னது திண்டுக்கல்தான்" என்று குறுக்கே வந்தான் டிரம்ஸ் வாசிக்கிற ரெமி. தூத்துக்குடிக் கடற்கரைத் தெருப் பையன், முழுப்பெயர் ரெமிஜியுஸ் மோத்தா, ஆறடி உயரம், அவன் கை குலுக்கினால் நமக்கு மறுநாள் வரைக்கும் விரல் நினைவிருக்கும். "நான் அவ முதுகுக்குப் பின்னால நாலு முழத்துல உக்காந்திருக்கேன். வாயிலருந்து வந்தது திண்டுக்கல், பெட்டியிலருந்து வந்தது கரூர்."

எல்லோரும் சவுண்ட் என்ஜினியர் பரந்தாமனைப் பார்த்தார்கள். அவன் வயர் சுற்றுவதில் மும்முரமாக இருந்தான், ஏற்கனவே சுற்றிய வயரை.

மறுநாள் காலை கரூரில் டீ குடிக்கும்போது பரந்தாமன் என்னிடம் வந்து உண்மையைக் கக்கினான். நீங்கள் இதைக் கொஞ்சம் பொறுமையாகக் கேட்டுக்கொள்ள வேண்டும். பெரிய மைதானத்தில் மேடைப் பெட்டியின் சத்தம் பின்வரிசைக்கு எட்டாது என்பதால் நூறு மீட்டர் தள்ளிக் கம்பம் நட்டு அதிலும் பெட்டி கட்டுவார்கள்; கம்பி வழியாகப் போகிற சத்தம் கண்ணிமைக்குமுன் கம்பத்துக்குப் போய்விடும், காற்று வழியாகப் போகிற சத்தமோ நடந்து போகும், இரண்டும் சேர்ந்து போய்ச் சேரவில்லையென்றால் பின்வரிசைக்காரனுக்கு ஒவ்வொரு சொல்லும் இரண்டிரண்டாகக் கேட்கும். அதனால் கம்பத்துச் சத்தத்தைச் சற்றே நிறுத்தி அனுப்புவதற்காக, மேடைக்கும் கம்பத்துக்கும் எத்தனை மீட்டர் என்று, எல்லாப் பெட்டிகளுக்கும் சத்தத்தைப் பிரித்து அனுப்புகிற ஒரு மிஷினில் நம்பர் அடிப்பார்கள். பரந்தாமன் எந்த ஊரிலும் டேப் பிடித்து அளக்கமாட்டான், காலடியால்தான் அளப்பான், அது அவனுடைய தொழில் கர்வம். திண்டுக்கல்லில் அவன் கம்பத்திலிருந்து மேடையை நோக்கி அடியெண்ணிக்கொண்டு வந்த நேரத்தில் கரூர் மைதானத்து ஆள் போன் போட்டு எத்தனை தூரம் என்று விசாரிக்க, எழுபத்தைந்து கிலோமீட்டர் என்று அவனுக்குப் பதில் சொன்ன அதே மூச்சில் எழுபத்தைந்து கிலோமீட்டர் என்று மிஷினிலும் அடித்துவிட்டான், அதுவும் பின்னாலிருந்து முன்னால் நடந்து வந்ததால் நம்பருக்கு முன்னே ஒரு கழித்தல் குறியோடு. மிஷின் என்ன செய்யும், அதற்கு அம்மாவா அப்பாவா எடுத்துச் சொல்ல? நிறுத்தி அனுப்புவதற்கு எதிர் முந்திக்கொள்வதுதானே. அது நேரே கரூருக்குப் போய், மறுநாள் சாயங்காலத்துக்கே போய், அங்கே வாசிக்கப்போகிறதை எடுத்துக்கொண்டுவந்து திண்டுக்கல்லில் கொட்டிவிட்டது. தினமும் அதே பாட்டுகள், அதே வரிசை என்பதால் ஊர்ப்பெயர் வருகிற இடத்தைத் தவிர வேறெங்கும் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

"அழிச்சுட்டு வேற நம்பர் போட வேண்டியதுதானே?" என்றேன்.

"பத்து வாட்டி போட்டாச்சு அண்ணாத்த. எத்தப் போட்டாலும் அடுத்த ஊருதான் கேக்குது. அதுக்கு ருசி கண்டுபோச்சு."

அன்றைக்குக் கரூரில் நாமக்கல் கேட்டது. நாமக்கல்லில் சேலம் கேட்டது. இதை எப்படி நிறுத்துவது என்று ஒரு நாள்தான் யோசித்தார்கள், மறுநாளிலிருந்து எப்படி வசதிப்படுத்திக்கொள்வது என்று யோசிக்க ஆரம்பித்துவிட்டார்கள். கரூர் இன்ஸ்பெக்டர் எங்கள் அனுமதிக் கடிதத்தை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்து, இது இன்றைய சத்தத்துக்குத்தான், நாளைய சத்தத்துக்கு நாளைய அனுமதி வேண்டும் என்று சொல்லி நாமக்கல் கடிதத்தின் நகலையும் வாங்கி வைத்துக்கொண்டார். கிட்டார்க்காரன் அடுத்த ஊரில் தான் தப்பாகத் தொடப்போகிற ஒரு சுரத்தைக் கேட்டுவிட்டு, பகலெல்லாம் பஸ்ஸில் உட்கார்ந்து அதைச் சரியாகத் தப்புசெய்யப் பழகினான். கரூரில் ஒரு பெண், இரண்டு வருஷமாகத் தலைமறைவாக இருந்த தன் புருஷன் நாமக்கல் கூட்டத்தில் "ஒன்ஸ்மோர்" என்று கத்துவதைப் பெட்டியில் கேட்டு, மறுநாள் தன் அண்ணன்மாரோடு நாமக்கல் மைதானத்துக்கு வந்து, அவனைக் கண்டுபிடித்து, பின்னாலேயே நின்று, அவன் "ஒன்ஸ்மோர்" என்று கத்தி முடிக்கிறவரை மரியாதையாகக் காத்திருந்து, பிறகுதான் சட்டையைப் பிடித்தாள். கேட்டது நடந்தாக வேண்டும் என்பது அதற்குள் எல்லோருக்கும் தெரிந்துபோயிருந்தது. யாரும் அதை மீறவில்லை, மீறலாமோ என்று யாருக்கும் தோன்றவுமில்லை.

இப்படிச் சந்தோஷமாகப் போய்க்கொண்டிருந்த பயணம்தான் ஒன்பதாவது ஊரான சேலத்துக்கு வந்தது. சாருமதி "வணக்கம் சேலம்" என்றாள், பெட்டி "வணக்கம் கிருஷ்ணகிரி" என்றது, சேலம் பெருமையாகக் கைதட்டியது, முதல் பாட்டு கிளம்பியது, கிட்டார் வந்தது, குரல் வந்தது, டிரம்ஸ் வரவில்லை.

ரெமி அடித்துக்கொண்டுதான் இருந்தான். அவன் முதுகு வியர்வையில் பளபளத்தது, குச்சி ஒன்று முறிந்து பறந்தது, புதுக் குச்சியை எடுத்து அதையும் முறித்தான். பெட்டியில் ஒரு தட்டு இல்லை, ஒரு தாளம் இல்லை, எலும்பில்லாத உடம்பு மாதிரி பாட்டு மட்டும் துவண்டு துவண்டு வந்தது. பரந்தாமன் ஓடிப்போய் டிரம்ஸ் மைக்குகளைக் குனிந்து பார்த்தான், மிக்ஸரில் முள் துள்ளுவதைப் பார்த்தான், எல்லாம் சரியாக இருந்தது. ரெமி சேலத்தில் அடித்ததை நாமக்கல் நேற்றே கேட்டுவிட்டது. அவன் இல்லாதது நாளைக்கு, கிருஷ்ணகிரியில். ஐந்தாம் பாட்டு முடிந்ததும் சாருமதி தினமும் குழுவை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அறிமுகப்படுத்துவாள். நாளைய சாருமதி கிட்டார்க்காரன் பெயரைச் சொன்னாள், பேஸ்காரன் பெயரைச் சொன்னாள், கீபோர்டுக்காரன் பெயரைச் சொன்னாள், அப்புறம் ஒன்றும் சொல்லாமல் நின்றாள். ஒரு பஸ் ரிவர்ஸ் எடுத்துத் திரும்புகிற நேரம் இருக்கும். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு "அடுத்த பாட்டு" என்றாள்.

சேலத்தில் இருபத்தையாயிரம் பேரும் திரும்பி ரெமியைப் பார்த்தார்கள். அவன் குச்சியைத் தூக்கினவாக்கில் அப்படியே உட்கார்ந்திருந்தான்.

மறுநாள் காலையிலிருந்து எங்கள் குழு அவனை நடத்திய விதத்தைக் கேளுங்கள். யாரும் அழவில்லை. எல்லோரும் அன்பாக இருந்தார்கள். சமையல்காரர் மைதீன் பாய், மேலப்பாளையத்துக்காரர், ஆளுக்கு ஒரு முட்டைக்குமேல் கண்ணில் காட்டாத மனிதர், ரெமியின் தட்டில் மூன்று முட்டை ஆம்லெட்டை வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். கிட்டார்க்காரன் வந்து, தோளில் கைபோட்டு, தன்னிடம் வாங்கின தோல் ஜாக்கெட் இருக்கிறதா என்று மெதுவாக விசாரித்தான். நவநீதன் போனை நீட்டி இரண்டு போட்டோ காட்டினார்.

"தம்பி, இதுல எது நல்லாருக்குங்க?"

"எதுக்கு?"

"சும்மாதானுங்க. பொதுவா."

"ரெண்டாவதுல சிரிச்சுக்கிட்டு இருக்கேன்" என்றான் ரெமி.

"அப்ப முதலாவதே இருக்கட்டுங்க" என்று போய்விட்டார்.

ரெமி ஆம்லெட்டைத் தள்ளிவைத்துவிட்டு என் லாரியில் வந்து ஏறிக்கொண்டான். "பஸ்ல முடியாது அண்ணாச்சி. ஒவ்வொரு வளைவுலயும் எல்லாரும் என்னத்தான் பாக்குதாங்க. டிரைவர் எனக்காகவே பிரேக் போடுதான்."

"வீட்டுக்காரிகிட்டச் சொன்னியா?"

"செலின்கிட்ட என்னத்தச் சொல்ல? இன்னைக்குச் சாயங்காலம் பெட்டியில நான் கேக்கலன்னா சொல்ல?" கையை மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டே வந்தான். "ஏன் அண்ணாச்சி, இப்ப நான் உயிரோடதான இருக்கேன்?"

"இருக்கே. இருந்துக்கிட்டு என் சீட்டப் போட்டு நகத்தால கிழிச்சுக்கிட்டும் இருக்கே."

தொப்பூர் கணவாயில் எதிரே இறங்கி வருகிற எத்தனையோ லாரிகள் பிரேக் பிடிக்காமல் போயிருக்கின்றன என்பது அந்த வழியில் போகிற எல்லோருக்கும் தெரியும். முதல் கியரில், மாட்டுவண்டிக்கு வழிவிட்டு, ஏறினேன். ஒன்றும் ஆகவில்லை. தருமபுரியில் சாப்பிட்டான், ஒன்றும் ஆகவில்லை. கிருஷ்ணகிரி மைதானத்தில் மதியம் மூன்று மணிக்கு அவன் தன் கையாலேயே டிரம்ஸைப் பூட்டி நிறுத்தினான், ஐந்து மணிக்கு டீ குடித்தான், ஐந்தே முக்காலுக்கு மேடைக்குப் பின்னால் நாற்பத்திரண்டு பேரும் அவனைச் சுற்றி நின்று கடிகாரம் பார்த்தார்கள். சத்தியமாகச் சொல்கிறேன், சிலர் முகத்தில் ஏமாற்றமே இருந்தது.

"அப்ப எப்படிங்க டிரம்ஸ் இல்லாமப் போகும்?" என்றார் நவநீதன்.

"சாகாமலேயும் வாசிக்காம இருக்கலாமே?" என்றேன் நான்.

இந்தச் சின்ன விஷயம் ஒரு பகல் பூராவும் நாற்பத்துமூன்று பேரில் ஒருவருக்கும் தோன்றவில்லை. நம்ப மாட்டீர்கள், செத்தவனுக்குக்கூடத் தோன்றவில்லை. ரெமி என்னை ஒரு பார்வை பார்த்தான், விட்டால் காலில் விழுந்திருப்பான், பிறகு மேடையேறி ஸ்டூலில் உட்கார்ந்து, ஆசிரியர் அதட்டின பிள்ளை மாதிரி இரண்டு கைகளையும் கட்டிக்கொண்டான்.

சாருமதி "வணக்கம் கிருஷ்ணகிரி" என்றாள். பெட்டி ஒன்றும் சொல்லவில்லை. அவள் முதல் பாட்டைத் தொடங்கினாள், அப்போது பெட்டியிலிருந்து வந்தது பாருங்கள், டிரம்ஸ். நெஞ்சுக்கூட்டில் கைவிட்டு உலுக்குகிற மாதிரி, ரெமியின் டிரம்ஸ். மேடைக்குப் பின்னால் மைதீன் பாய் கரண்டியோடு குதித்தார். "நாளைக்கு இருக்கான்! இருக்கான்வே!" என்று நான் பரந்தாமனைக் கட்டிப்பிடித்தேன்.

பரந்தாமன் என்னைத் திரும்பக் கட்டிப்பிடிக்கவில்லை. "அண்ணாத்த, மத்தது எங்க?" என்றான்.

மற்றது எதுவுமில்லை. சாருமதியின் வாய் திறந்து மூடியது, குரல் இல்லை. கிட்டார் இல்லை, பேஸ் இல்லை, கீபோர்டு இல்லை. எந்த ஊரிலும் பாட்டுக்குப் பாட்டு எழும்புகிற கூட்டத்தின் இரைச்சல்கூட இல்லை. ஓர் இருமல் இல்லை, ஒரு விசில் இல்லை, இரண்டு மணி நேரமும் டிரம்ஸ் மட்டும், யாருமே இல்லாத ஊரில் ஒருவன் தனியாகக் கதவைத் தட்டிக்கொண்டே போகிற மாதிரி. ஐந்தாம் பாட்டு முடிந்து சாருமதி மூன்று பெயர்களைச் சொன்னாள், ரெமி பக்கம் திரும்பினாள். நேற்றுப் பெட்டியில் தான் ஏன் அப்படிப் பேச்சற்று நின்றாள் என்று அவளுக்கு அப்போது தெரிந்திருக்க வேண்டும். நாளைக்கு இருக்கிறவன் அவன் ஒருவன், இல்லாதவர்கள் இவர்கள். தொண்டையைச் செருமிக்கொண்டு "அடுத்த பாட்டு" என்றாள்.

மறுநாள் விடிந்ததும் மைதீன் பாய் தனக்குத்தானே மூன்று முட்டை ஊற்றிக்கொண்டார். பஸ் டிரைவர் சாவியை மேசைமேல் வைத்துவிட்டுப் படுத்துக்கொண்டார். லாட்ஜ் வராந்தாவில் ரெமி ஒவ்வொரு கதவாகத் தட்டினான்.

"சாரு, நேத்து நான் கையக் கட்டிக்கிட்டு உக்காரலயா? அதே மாதிரி நீயும் வந்து வாயத் தொறக்காம நில்லு. அவ்வளவுதான் விஷயம்."

"உனக்கு அது சரிப்பட்டு வந்துச்சுடா" என்றாள் உள்ளேயிருந்து. "எனக்கு வேற மாதிரி இருந்தா?"

"எப்படி வேற மாதிரி?"

"ஊரே சத்தம் போடலையேடா! ஓசூரே சத்தம் போடலை. அவ்வளவு பேரும் கையக் கட்டிட்டா உக்காந்திருப்பாங்க?"

ரெமி அடுத்த கதவுக்குப் போனான். நவநீதன் கதவைத் திறக்கவே இல்லை, தன் போட்டோவில் எது நல்ல போட்டோ என்று பார்த்துக்கொண்டிருந்திருப்பார்.

"நீயும் போகவேண்டாம்ல, எவனும் உன்னக் குத்தம் சொல்லப்போறதில்ல" என்றேன்.

"நான் வாசிச்சத நானே கேட்டுட்டேனே அண்ணாச்சி. இனி எப்படி வாசிக்காம இருக்க? அங்க அந்த ஊருக்காரங்க என்ன ஆகப்போறாங்கன்னு தெரியாம உக்காந்திருப்பாங்க. ஒருத்தன் பொழச்சுக் கெடப்பான்னு உறுதியாத் தெரிஞ்சா, அவன்தான போய்ப் பாக்கணும்?"

டிரம்ஸையும் மைக்குகளையும் மிஷினையும் என் லாரியில் ஏற்றினோம், ஸ்பீக்கர் லாரியை ரெமியே ஓட்டினான். கடைசி நேரத்தில் பரந்தாமன் ஓடிவந்து என் பக்கத்தில் ஏறினான். "தப்பு என்னுது" என்றான். ஜெனரேட்டர்காரன் சத்தத்தை எந்த மைக்கும் பிடிப்பதில்லை, சவுண்ட்காரன் சத்தத்தையும் பிடிப்பதில்லை. ஆகவே நாங்கள் இருவரும் அன்றைக்கு இருப்போமா இல்லையா என்று உலகத்தில் யாருக்கும் தெரியாது. எனக்கு ஐம்பது கிலோமீட்டரும் ஸ்டீயரிங் வழுக்கிக்கொண்டே இருந்தது.

ஓசூர் கேள்விப்பட்டிருந்தது. கிருஷ்ணகிரியில் கேட்டவர்கள் அப்போதே போன் போட்டு, நாளைக்கு உங்கள் ஊர் சத்தமே இல்லை என்று சொல்லிவிட்டார்கள். அதைக் கேட்டுச் சிலர் பெங்களூர் பஸ் ஏறினார்கள். ரோஜாத் தோட்டக்காரர்கள் அன்று வெட்டின பூவை எங்கேயும் அனுப்பாமல் தெருக்களில் வைத்துவிட்டார்கள், எதற்கும் இருக்கட்டும் என்று. கம்பெனிகளில் பகல் ஷிப்டுக்கு ஆள் வந்தது, ஆனால் எல்லோரும் கல்யாணத்துக்குப் போட்டுக்கொள்கிற உடுப்பில் வந்தார்கள். மாலையில் குளித்து, சாமி கும்பிட்டு, கதவைப் பூட்டாமல் சாத்திவிட்டு, இருபதாயிரம் பேர் மைதானத்துக்கு வந்து வரிசையாக உட்கார்ந்தார்கள், என்ன ஆனாலும் ஒன்றாக இருந்துகொள்ளலாம் என்று. எங்கள் இரும்பு வராததால் பலகை அடுக்கிப் போட்ட மேடைக்கு அவர்களே பெட்டிகளைச் சுமந்து ஏற்றினார்கள். ஒருவர் மூச்சுவிடவில்லை.

அந்த நேரத்தில் எங்கள் நாற்பது பேரும் கிருஷ்ணகிரி லாட்ஜில் ஆளுக்கொரு கட்டிலில் சாவுக்குக் காத்துக் கிடந்தார்கள். ஒருவருக்கும் ஒரு தும்மல்கூட வரவில்லை. அவர்கள் அங்கே கிடந்ததால்தான் அவர்கள் இங்கே கேட்கவில்லை என்பது மேடையில் அந்த நாலு வெற்று மைக்குகளைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது. ஆனால் ஊர்? எதிரே இருபதாயிரம் ஜோடிக் கண்கள். இவர்கள் ஏன் கேட்கவில்லை?

ஆறு மணிக்கு ஜெனரேட்டரைக் கிளப்பினேன். பெட்டிகள் உயிர்பெற்று இரைந்தன. இது கடைசி ஊர். நாளைக்கு எங்கும் கச்சேரி இல்லை, அதனால் நாளையிலிருந்து என்ன வரும் என்று பரந்தாமனுக்கே தெரியாது. வந்தது. முதலில் யாரோ ஒரு நாற்காலியை இழுக்கிற சத்தம். பிறகு மைக்கை விரலால் தட்டுகிற சத்தம். பிறகு ஒருவர் பேசுவதற்காக மூச்சை உள்ளே இழுத்தார்.

இருபதாயிரம் பேரும் முன்னால் சாய்ந்தார்கள்.

"அண்ணே, பெட்டிய அணைங்க!" என்று பரந்தாமனைப் பார்த்துக் கத்தினான் ரெமி.

பரந்தாமன் மிக்ஸரின்மேல் விரலை வைத்தான், அழுத்தவில்லை. "யாரு பேசப்போறாங்கன்னு தெரியவேணாமா ரெமி? நாமளா, இல்ல நம்மளப் பத்தி வேற யாராவதா?"

"வேண்டாம். மைக் மட்டும் இருக்கட்டும், நேத்து கிருஷ்ணகிரிக்காரங்க கேக்கணும். பெட்டி எதுவும் எனக்கு வேண்டாம்."

பரந்தாமன் அணைத்தான். நாளைக்குப் பேச வந்தவர் மூச்சோடு நின்றுபோனார். நான் மிஷினையும் மைக்குகளையும் லாரி பேட்டரியில் மாற்றி மாட்டிவிட்டு, என் தொழிலில் முதல் தடவையாக, ஆள் கூடியிருக்கும்போது ஜெனரேட்டரை நிறுத்தினேன். மேடை விளக்குகள் போயின. சாயங்கால வெளிச்சம் மட்டும் இருந்தது. அவ்வளவு பெரிய மைதானத்தில், பெட்டி இல்லாமல், ஓர் ஒற்றை மனிதன் அடிக்கப்போகிறது கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டுமென்றால் எப்படி இருக்க வேண்டுமோ அப்படி இருந்தது கூட்டம். தாய்மார் பிள்ளைகளின் வாயைப் பொத்தினார்கள், வளையல்களை முழங்கைக்கு ஏற்றிக்கொண்டார்கள், இருமல் வந்தவர்கள் துண்டைக் கடித்துக்கொண்டார்கள். ஓசூருக்கு ஒன்றும் ஆகியிருக்கவில்லை. ஓசூர் கேட்டுக்கொண்டிருந்தது.

ரெமி வலது கையை உயர்த்தினான், குச்சி கீழே வந்தது. குச்சி தோலைத் தொட்ட அதே நொடியில், முன்னும் இல்லை பின்னும் இல்லை, அதே நொடியில் சத்தமும் வந்ததைக் கண்டு, நாளைய சத்தத்தையே எதிர்பார்த்திருந்த முன்வரிசை முழுக்கத் திடுக்கிட்டு எழுந்து நின்றது.